மஞ்சளா இருந்தா சாரை, கருப்பா இருந்தா நாகமா? நிறத்தை நம்பினால் என்ன ஆபத்து?

மழைக்காலம் ஆரம்பித்துவிட்டால் வாட்ஸ்அப் குரூப்புகளில் பாம்பு போட்டோக்கள் வரத் தொடங்கிவிடும். பொந்துகளில் தண்ணீர் புகுந்ததும் மேடான இடம் தேடி வீட்டுத் திண்ணை, பைக் இன்ஜின், விறகு அடுக்கு என்று பாம்புகள் வந்து சேரும். போட்டோவுக்குக் கீழே வழக்கமான கேள்வி: "இது சாரையா, நல்ல பாம்பா?"

அதற்கு வரும் பதில்களும் வழக்கமானவைதான். "மஞ்சளா இருக்கு, சாரைதான், ஒண்ணும் பண்ணாது" என்பார் ஒருவர். "கருப்பா இருக்கே, நாகம், அடிச்சுடுங்க" என்பார் இன்னொருவர்.

இரண்டு பதிலுமே தப்பாகப் போக வாய்ப்பு இருக்கு. முதல் தப்பு மனித உயிரை எடுக்கலாம். இரண்டாவது தப்பில், எலியைத் தின்று நமக்கு உதவும் விஷமில்லாத ஒரு பாம்பு அடிபட்டுச் சாகும்.

இப்போ ஏன் இது முக்கியம்?

பாம்புக்கடியை அரசுக்குத் தெரிவிக்க வேண்டிய நோயாக 2024 நவம்பரில் தமிழ்நாடு அரசு அறிவித்தது. அதாவது பாம்புக்கடி பாதிப்புகளையும் மரணங்களையும் அரசு மருத்துவமனைகளோடு தனியார் மருத்துவமனைகளும் சுகாதாரத் துறைக்குத் தெரிவிக்க வேண்டும். பாம்புக்கடி மரணங்களை 2030-க்குள் பாதியாகக் குறைக்கும் தேசிய செயல்திட்டத்தை மத்திய அரசும் 2024-ல் வெளியிட்டது.

காரணம், எண்ணிக்கை அவ்வளவு பெரியது. 2000 முதல் 2019 வரையிலான 20 ஆண்டுகளில் இந்தியாவில் சுமார் 12 லட்சம் பேர் பாம்புக்கடியால் இறந்திருப்பார்கள் என்று 2020-ல் வெளியான ஆய்வு மதிப்பிட்டது. ஆண்டுக்குச் சராசரியாக 58 ஆயிரம் பேர். இதில் பெரும்பாலானோர் கிராமப்புறத்தினர்.

மருத்துவமனைக்கு வந்த பிறகு என்ன நடக்கணும் என்பதற்கு அரசிடம் திட்டம் இருக்கு. ஆனால் வருவதற்கு முன்பு, "இது வெறும் சாரைதான்" என்று வீட்டிலேயே முடிவெடுத்துத் தாமதிக்கும் நேரத்தை எந்தத் திட்டத்தாலும் திருப்பித் தர முடியாது.

சாரையின் நிறம் என்ன?

ஒரே நிறம் என்று எதுவும் கிடையாது. மஞ்சள், வெளிர் பழுப்பு, அடர் பழுப்பு, ஆலிவ் பச்சை, சாம்பல், கிட்டத்தட்ட கருப்பு என்று எல்லா நிறத்திலும் சாரைப்பாம்பு உண்டு. ஊரில் மஞ்சள் சாரை, கருஞ்சாரை என்று தனித்தனியாகச் சொல்வார்கள். இரண்டும் ஒரே இனம்தான்.

நல்ல பாம்பும் அப்படித்தான். மஞ்சள் கலந்த பழுப்பு, கோதுமை நிறம், சாம்பல், கருப்பு என்று அதுவும் பல நிறங்களில் வரும். அதாவது ஒரு மஞ்சள் சாரையும் ஒரு மஞ்சள் நாகமும் ஒரே வயலில், ஒரே வரப்பில் இருக்கலாம். நிறத்தை மட்டும் வைத்து இரண்டையும் பிரிக்க முடியாது.

"நாகம்னா படத்துல கண்ணாடி அடையாளம் இருக்குமே?" என்று கேட்கலாம். உண்மைதான், ஆனால் நாகம் எந்நேரமும் படம் விரித்துக்கொண்டு இருக்காது. மிரட்சி இல்லாமல் ஊர்ந்து போகும்போது படம் மடங்கி, கழுத்து சாதாரணமாகத்தான் தெரியும். சில நாகங்களுக்குப் படத்தில் அந்த அடையாளம் மங்கலாக இருக்கும், சிலவற்றுக்கு இருக்கவே இருக்காது. சாரை என்று நினைத்து ஆட்கள் ஏமாறுவது பெரும்பாலும் இந்த இடத்தில்தான்.

அப்போ எதைப் பார்க்கணும்?

ஒரே ஒரு அடையாளத்தை வைத்து முடிவு செய்யாமல், பல அடையாளங்கள் சேர்ந்து வருகிறதா என்று பார்ப்பதுதான் வழி. அதுவும் தூரத்தில் நின்று, போனில் ஜூம் செய்து.

உதடு: சாரையின் உதட்டுச் செதில்களுக்கு நடுவே செங்குத்தாகக் கருப்புக் கோடுகள் இருக்கும். வாயோரம் கருப்பு நூலால் தையல் போட்ட மாதிரி தெரியும். நாகத்துக்கு இப்படி வரிசையாக இருக்காது. கண்ணுக்குக் கீழே ஒரு கரும்பட்டை இருக்கலாம்.

கண்: சாரைக்குக் கண் பெரியது, பாப்பா வட்டமானது. ஆனால் நாகத்துக்கும் பாப்பா வட்டம்தான். அதனால் "வட்டக் கண் என்றால் விஷம் இல்லை" என்ற கணக்கு நம்ம ஊருக்குச் செல்லாது.

கழுத்து: சாரையின் கழுத்து ஒல்லியாக இருப்பதால் தலை தனியாகத் தெரியும். நாகத்தின் கழுத்துக்கு அடியில், வயிற்றுப் பக்கம், அகலமான கரும்பட்டைகள் இருக்கும். ஆனால் அது தலையைத் தூக்கினால்தான் கண்ணுக்குப் படும்.

பின் உடம்பும் வாலும்: பல சாரைகளுக்கு முன்பாதி ஒரே நிறமாக இருக்கும். பின்பாதியிலும் வாலிலும் கருப்புக் குறுக்குப் பட்டைகள் அல்லது வலை விரித்தது போன்ற கோடுகள் தெரியும். செதில்களின் ஓரம் கருப்பாக இருப்பதால் வரும் தோற்றம் அது. சாரையின் வால் நீளமானது, படிப்படியாக மெலிந்துகொண்டே போகும்.

நீளம்: வளர்ந்த சாரை 2 மீட்டருக்கு மேல் போவது சாதாரணம். நாகம் பொதுவாக 1 முதல் 1.5 மீட்டர் வரை. ஆனால் வளரும் பருவத்துச் சாரை ஒரு நாகத்தின் அளவில்தான் இருக்கும் என்பதால் நீளம் மட்டும் போதாது.

மிரட்டும்போது தெரியும் வித்தியாசம்

வழி இல்லாமல் மாட்டிக்கொண்டால் சாரையும் தலையைத் தூக்கும். கழுத்தை உப்பிக்கொண்டு, உறுமுவது போல ஒரு சத்தம் எழுப்பும். இதைப் பார்த்து "படம் எடுத்துடுச்சு" என்று பயந்து அடித்துவிடுகிறார்கள்.

வித்தியாசம் இதுதான். நாகம் கழுத்து விலா எலும்புகளைப் பக்கவாட்டில் விரிப்பதால் படம் தட்டையாக, அகலமாக இருக்கும். சாரை உப்பும்போது கழுத்து மேலும் கீழுமாகப் புடைக்கும், அகலமாகாது. முன்னால் நின்று பார்த்தால் ஒல்லியாகத்தான் தெரியும். ஆனால் இதைச் சோதித்துப் பார்க்கப் பாம்பைக் குச்சியால் சீண்டுவது கடி வாங்குவதற்கான நேர்வழி.

குட்டிகள் விஷயத்தில் இன்னும் குழப்பம்

சாரைக் குட்டி பெரிய சாரை மாதிரியே இருக்காது. உடம்பின் முன்பகுதியில் வெளிர் நிறக் குறுக்குப் பட்டைகள் தெரியும். பட்டையைப் பார்த்ததும் விரியன் குட்டி என்று அடிப்பவர்கள் உண்டு. மறுபக்கம், நாகக் குட்டி முட்டையிலிருந்து வெளிவரும்போதே விஷத்தோடுதான் வருகிறது. "குட்டிதானே" என்று கையில் எடுப்பதைவிட ஆபத்தான காரியம் வேறில்லை.

சாரையும் நாகமும் ஜோடியா?

ஆண் சாரை, பெண் நாகம் இரண்டும் இணை சேரும் என்பது தலைமுறைகளாகச் சொல்லப்படும் கதை. இரண்டு பாம்புகள் பின்னிக்கொண்டு தலையைத் தூக்கி ஆடும் வீடியோக்கள் இந்தத் தலைப்போடுதான் வைரலாகின்றன. அறிவியல்படி இரண்டும் வேறு வேறு குடும்பம், இணை சேராது. ஆண் சாரையும் உண்டு, பெண் சாரையும் உண்டு. அந்த வீடியோக்களில் பெரும்பாலும் இருப்பவை இரண்டு ஆண் சாரைகள். யார் பலசாலி என்று மல்லுக்கட்டுகின்றன, அவ்வளவுதான்.

வாலில் விஷம், மாட்டின் மடியில் பால் குடிக்கும் என்பவையும் கதைகள்தான். சாரைக்கு உடம்பில் எங்கும் மனிதரைப் பாதிக்கும் விஷம் கிடையாது.

ஆனால் சாரைக்குச் சாதகமாகச் சொல்லப்படும் ஒரு நம்பிக்கையும் ஆபத்தானதுதான்: "சாரை இருக்கிற இடத்துக்கு நாகம் வராது." இரண்டுமே எலியையும் தவளையையும் தேடித்தான் வருகின்றன. ஒன்றுக்கு இரை கிடைக்கும் இடம் இன்னொன்றுக்கும் பிடித்த இடம்தான். தோட்டத்தில் சாரையைப் பார்த்தால் அங்கே எலி இருக்கு என்று அர்த்தம். நாகம் இல்லை என்று அர்த்தம் கிடையாது.

அடித்தால் என்ன நஷ்டம்?

எலி வளைக்குள் நுழைந்து குட்டிகளையும் சேர்த்துத் தின்னக்கூடிய பாம்பு சாரை. நெல் வயலிலும் தானியக் கிடங்கிலும் விவசாயிக்குச் சம்பளம் இல்லாத காவல்காரன். 1970-களில் தடை வரும் வரை இதன் தோல் பெரிய அளவில் ஏற்றுமதியானது. பாம்பு பிடித்துத் தோல் விற்று வாழ்ந்த இருளர்கள், தடைக்குப் பிறகு 1978-ல் கூட்டுறவு சங்கம் அமைத்து விஷம் எடுக்கும் தொழிலுக்கு மாறினார்கள். விஷமுறிவு மருந்து தயாரிக்க அவர்கள் விஷம் எடுப்பது நாகம், கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் ஆகிய நான்கிலிருந்து.

இன்றைக்கு சாரை, 1972-ம் ஆண்டு வனவிலங்கு பாதுகாப்புச் சட்டத்தின் கீழ் பாதுகாக்கப்பட்ட உயிரினம். அடிப்பதும், பிடித்து வைத்துக்கொள்வதும், கறிக்காகக் கொல்வதும் குற்றம்.

கடித்தது சாரைதான் என்று தெரிந்தால்?

சாரையும் கடிக்கும். வலிக்கும், ரத்தம் வரும், ஆனால் விஷம் ஏறாது. பிரச்சினை என்னவென்றால், கடிபட்ட பதற்றத்தில், அரை இருட்டில், ஓடி மறைந்த பாம்பை யாரும் உதட்டுக் கோடு வரை பார்த்திருக்க மாட்டார்கள். காயத்தை வைத்தும் முடிவு செய்ய முடியாது. கட்டுவிரியன் கடித்தால் வலியோ வீக்கமோ தெரியாமலே போகலாம்.

அதனால் மேலே சொன்ன அடையாளங்கள் எல்லாம் பாம்பை அடிக்காமல் விடுவதற்கு உதவும். மருத்துவமனைக்குப் போகலாமா வேண்டாமா என்று முடிவு செய்ய அவற்றைப் பயன்படுத்தவே கூடாது. எந்தப் பாம்பு கடித்தாலும் மருத்துவமனைதான்.

பாம்பை அடித்து எடுத்துக்கொண்டு போகத் தேவையில்லை. கண் இமை தொங்குகிறதா, மூச்சு விடச் சிரமமா, வீக்கம் பரவுகிறதா, ரத்தம் உறைகிறதா என்று பார்த்துத்தான் மருத்துவர் சிகிச்சையை முடிவு செய்வார். ரத்தம் உறைவதைப் பார்க்க 20 நிமிடச் சோதனை இருக்கு. அந்த நான்கு பாம்புகளின் விஷத்துக்கும் சேர்த்து ஒரே விஷமுறிவு மருந்துதான் இங்கே தரப்படுகிறது. கடித்தது விஷமில்லாத பாம்பு என்றால், கொஞ்ச நேரம் கண்காணிப்பில் வைத்துக் காயத்துக்கு மருந்து போட்டு அனுப்புவார்கள்.

என்ன செய்யணும், என்ன செய்யக்கூடாது?

• பாம்பிடமிருந்து விலகி உட்காருங்கள். கடிபட்ட கை, காலை அசைக்காதீர்கள்.

• மோதிரம், வளையல், கொலுசு, வாட்ச் எல்லாவற்றையும் உடனே கழற்றுங்கள். வீங்கினால் இறுக்கும்.

• கயிறு போட்டு இறுக்கிக் கட்டக்கூடாது. கத்தியால் கீறக்கூடாது. வாயால் உறிஞ்சக்கூடாது. பச்சிலை, மந்திரம் என்று நேரம் போக்கக்கூடாது.

• 108-க்கு போன் செய்து, விஷமுறிவு மருந்து இருக்கும் பக்கத்து அரசு மருத்துவமனைக்குப் போங்கள்.

• யாரையும் கடிக்காமல் பாம்பு வீட்டுக்குள் மட்டும் வந்திருந்தால், குழந்தைகளையும் நாய், பூனையையும் தள்ளி வையுங்கள். ஒருவர் தூரத்திலிருந்து அதைக் கண்காணிக்க, இன்னொருவர் தீயணைப்புத் துறைக்கோ (101) வனத்துறைக்கோ தகவல் சொல்லுங்கள்.

போட்டோவை குரூப்பில் போட்டு பதிலுக்காகக் காத்திருப்பது எல்லாம் அதற்குப் பிறகுதான்.