இல்லாத நாட்டின் காவியம்!

அப்படி ஒரு நாடு கிடையாது. அந்த மக்கள் வாழ்ந்ததும் கிடையாது. ஆனால், அந்த மக்களுக்கு ஒரு காவியம் உண்டு!

"இல்லாத நாட்டுக்குக் காவியம் எதற்கு? பிள்ளைகள் பாடத்தைப் படித்தால் போதாதா?" என்று கேட்கும் பெற்றோர் பலர். நானும் அப்படிக் கேட்டவன்தான்.

என் அண்ணன் மகன் ஒரு நாள் இரவு 11 மணிக்குத் தலையணை போன்ற புத்தகம் ஒன்றைப் படித்துக்கொண்டு இருந்தான். பரீட்சைக்கு 10 நாள்தான் இருந்தது. எனக்குக் கோபம் வந்துவிட்டது. புத்தகத்தைப் பிடுங்கி, பீரோவில் வைத்துப் பூட்டினேன்.

மறுநாள், "அப்படி என்னதான் இருக்கிறது?" என்று எடுத்துப் பார்த்தேன். பிறகு என்னால் கீழே வைக்க முடியவில்லை! (பீரோ சாவி தொலைந்துவிட்டது என்று அண்ணியிடம் பொய் சொன்னேன்.)

புத்தகத்தின் பெயர், "லார்டு ஆப் தி ரிங்ஸ்". எழுதியவர், இங்கிலாந்தில் ஆக்ஸ்போர்டு பல்கலைக்கழகப் பேராசிரியராக இருந்த டோல்கீன். 1954, 1955-ம் ஆண்டுகளில் அது மூன்று பாகங்களாக வெளிவந்தது.

கதையில் ஓர் இடம். இருட்டு. மலைச்சரிவு. பகைவர்கள் நெருங்கிவிட்டார்கள். நாலு சின்ன மனிதர்கள் பயந்து நடுங்குகிறார்கள். அவர்களுக்குத் துணையாக வந்த வீரன் அரகார்ன் என்ன செய்கிறான் தெரியுமா? வாளை எடுக்கவில்லை. ஒரு பழைய பாட்டைப் பாடுகிறான்!

அந்தப் பாட்டு, அந்த உலகத்து மக்கள் போற்றும் காவியத்தின் ஒரு துளி. காவியத்தின் பெயர் "லெய்த்தியன்". "சிறையில் இருந்து விடுதலை" என்று பொருள்.

சாவை வென்ற பாட்டு

பெரன், மனிதன். ஒருநாள் சாகவேண்டியவன். லூத்தியன், முதுமையும் நோயும் இல்லாத இனத்தின் அரசகுமாரி. இருவரும் காதலித்தார்கள்.

பெண்ணின் தகப்பனுக்குப் பிடிக்குமா? "கொடியவன் மார்காத்தின் இரும்புக் கிரீடத்தில் மூன்று ஒளிமணிகள் இருக்கின்றன. ஒன்றைக் கொண்டுவா. பெண்ணைத் தருகிறேன்" என்றான். பெண்ணைக் கொடுக்க மனம் இல்லாதவர்கள் கேட்கும் சீர் எப்போதும் இப்படித்தான் இருக்கும்!

காதலி வீட்டில் அழுதுகொண்டு இருக்கவில்லை. புறப்பட்டுவிட்டாள். கொடியவனைப் பாடியே தூங்கவைத்தாள். பெரன் மணியைப் பெயர்த்து எடுத்தான். வெளியே வரும்போது ஓர் ஓநாய் அவன் கையை மணியோடு கடித்து விழுங்கியது. பிறகு அந்த ஓநாயாலேயே அவன் மாண்டான்.

துக்கத்தில் அவளும் உயிரை விட்டாள். மாண்டவர்களின் காவலன் முன்னே நின்று பாடினாள். யாருக்கும் இரங்காத அவன் இரங்கினான்.

நமக்குச் சாவித்திரி நினைவு வரும். ஆனால் சாவித்திரி எதையும் இழக்கவில்லை. இவளோ, தன் சாவாத வாழ்வைக் கொடுத்துவிட்டு, கணவனோடு சாகும் மனுஷியாகத் திரும்பினாள்.

கதை எங்கே பிறந்தது?

டோல்கீன் தாய் தந்தை இல்லாதவர். ஒரு பாதிரியார் அவரை வளர்த்தார். எடித் என்ற பெண்ணும் அனாதை. இருவருக்கும் அன்பு மலர்ந்தது. "21 வயது ஆகும்வரை அவளோடு பேசக்கூடாது" என்று பாதிரியார் தடுத்தார். டோல்கீன் காத்திருந்தார். 1916 மார்ச்சில் கலியாணம். ஜூனில் யுத்தம்! பிரான்சில் சோம் போர்க்களத்துக்குப் போனார். உயிர் நண்பர்கள் இருவர் அந்த ஆண்டே மாண்டார்கள். இவர் காய்ச்சலோடு திரும்பினார்.

1917-ல் ஒரு காட்டில், வெள்ளைப் பூக்களுக்கு நடுவே, எடித் அவருக்காக ஆடினாள். அந்த ஆட்டம்தான் லூத்தியன் கதை ஆயிற்று.

1925-ல் அதைச் செய்யுளாக எழுதத் தொடங்கினார். 4 ஆயிரம் வரிகளுக்கு மேல் எழுதியபின், 1931-ல் நின்றுவிட்டது. 1937-ல் பதிப்பாளருக்கு அனுப்பிப் பார்த்தார். திரும்பி வந்துவிட்டது!

என்ன வேடிக்கை பாருங்கள். அந்தக் கற்பனை உலகில் காவியம் முழுமையாக இருக்கிறது. நம் உலகில் அது முடியவே இல்லை. 1973-ல் தந்தை இறந்தபின், மகன் கிறிஸ்டோபர் காகிதக் கட்டுகளைப் பிரித்து, பழங்கதைகளை 1977-ல் புத்தகமாக்கினார். பாட்டு 1985-ல், குறையோடுதான் அச்சாயிற்று. பல ஆண்டுகள் அவருக்கு அதுவே வேலை. 2020-ல் அவரும் இறந்தார்.

குறையும் உண்டு. 1977-ம் ஆண்டுப் புத்தகத்தில் பெயர்களின் கூட்டம் தாங்காது. யாருக்கு யார் மகன் என்று தாளில் எழுதிவைத்துக்கொண்டு படித்தேன். அதை முதலில் பிள்ளைகள் கையில் கொடுக்காதீர்கள்.

"எல்லாம் கட்டுக்கதைதானே?" என்பீர்கள். நான் பதிலாகக் காட்டுவது ஒரு காட்சியை.

பகைவன் நாட்டு வாசலில், செங்குத்தான படிக்கட்டில், பிரோடோவும் அவன் வேலைக்காரன் சாமும் உட்கார்ந்து இருக்கிறார்கள். உயிரோடு திரும்புவோமா என்று தெரியாது. சாம் தோட்டக்காரன். அவன் பெரன் கதையை நினைக்கிறான். திடீரென்று அவனுக்கு ஒன்று புரிகிறது. அந்த மணியின் ஒளிதான், பிரோடோ கையில் உள்ள சிறு கண்ணாடிக் குப்பியில் இருக்கிறது! அந்தக் கதை முடியவில்லை. அதற்குள்தான் நாமும் இருக்கிறோம்!

பயந்த ஒரு தோட்டக்காரனை எழுந்து நடக்கவைத்தது அந்தக் காவியம். யுத்தத்தில் நண்பர்களைப் புதைத்துவிட்டு வந்தவருக்குப் பேனாவைக் கொடுத்ததும் அதுதான். இதைப் படிக்கும் பையன் வீணாகப் போகிறான் என்று இனி நான் சொல்லமாட்டேன். பரீட்சைக்கு முந்திய வாரம் மட்டும் வேண்டாம், அவ்வளவே!

ஆக்ஸ்போர்டில் அந்தத் தம்பதி ஒரே கல்லறையில் இருக்கிறார்கள். எடித் பெயருக்குக் கீழே "லூத்தியன்" என்றும், அவர் பெயருக்குக் கீழே "பெரன்" என்றும் பொறித்து இருக்கிறது.

பரீட்சை முடிந்தது. பீரோ சாவி 'கிடைத்து'விட்டது. பையனிடம் புத்தகத்தைக் கொடுத்தேன். அவன் என்னை ஏற இறங்கப் பார்த்தான்.

"சித்தப்பா, நீங்கள் எதுவரை படித்தீர்கள்?" என்று கேட்டான்.