வரலாறு திரும்புகிறதா, திருப்பப்படுகிறதா?

யூலை மாதம் பிறந்ததும் நமது பத்திரிகைகளின் ஆசிரியத் தலையங்கங்களில் ஒரு வசனம் உயிர்த்தெழும். 'வரலாறு மீண்டும் திரும்புகிறது' என்பதே அது. 2014 யூனில் அளுத்கமையும் பேருவளையும் எரிந்தபோதும் இதே வசனந்தான். 2018 மார்ச்சில் திகனையிலும் 2019 மே மாதத்தில் மினுவாங்கொடையிலும் முஸ்லிம்களின் கடைகள் கொளுத்தப்பட்டபோதும் இதே வசனந்தான். எழுதுவதற்கு எளிது, எவருக்கும் கோபம் வராது, வழக்கும் வராது. அதனாலேயே இந்த வசனத்தை நான் வெறுக்கிறேன்.

கடந்தகாலம் நிகழ்காலத்தினுள் திரும்பத் திரும்ப எதிரொலிக்கும் என்பது கதைகளுக்கு உரிய அழகான கற்பனை. கப்ரியேல் கார்சியா மார்க்கேஸின் 'தனிமையின் நூறு ஆண்டுகள்' (1967) நாவலில் ஒரே பெயர்களும் ஒரே பிழைகளும் தலைமுறை தலைமுறையாகத் திரும்பி வருகின்றன. நம்மவர் இதைச் சிலாகிப்பதோடு நின்றுவிடுகின்றனர். அந்த நாவலின் நடுவே வாழைத்தோட்டத் தொழிலாளர் சுட்டுக் கொல்லப்படுகின்றனர். 1928 டிசெம்பரில் கொலம்பியாவின் சியேனகா நகரில் உண்மையாகவே நடந்த படுகொலை அது. நாவலில் அதன்பின் அரசு என்ன சொல்கிறது? எவரும் சாகவில்லை என்கிறது. ஊரும் அதை நம்பிவிடுகிறது. எதிரொலி கேட்பதற்கு முன்னர் எவரோ ஒருவர் ஆவணத்தை அழிக்கவேண்டியிருக்கிறது என்பது அந்த நாவலாசிரியருக்குத் தெரிந்திருந்தது. அவரும் முன்னாட் பத்திரிகையாளரே என்பதை இங்கே நினைவூட்டலாம்.

இனி நமது நாட்டின் 'எதிரொலி'களைப் பார்ப்போம்.

1958 மே மாதத்தில் ஒரு வதந்தி பரவியது. பாணந்துறையைச் சேர்ந்த சிங்கள ஆசிரியை ஒருவர் மட்டக்களப்பில் சித்திரவதை செய்து கொல்லப்பட்டார் என்பது அது. பாணந்துறையில் கோயிற் குருக்கள் எரித்துக் கொல்லப்பட்டார். விசாரித்துப் பார்த்தபோது அப்படி ஓர் ஆசிரியை மட்டக்களப்பில் பணியாற்றவேயில்லை எனத் தெரிந்தது. 2018 பெப்ரவரியில் அம்பாறையில் முஸ்லிம் உணவகமொன்றின் உணவில் மலட்டு மாத்திரை கலக்கப்பட்டதாகக் கதை கட்டப்பட்டது. கடைகளும் பள்ளிவாசலும் தாக்கப்பட்டன. அரசாங்க இரசாயனப் பகுப்பாய்வாளர் சோதித்தபோது அது வெறும் மாக்கட்டி. அறுபது ஆண்டு இடைவெளியில் இரண்டு வதந்திகள். ஒன்றன் எதிரொலி மற்றையது என்று சொல்லத் தோன்றும். ஆனால் வதந்தி காற்றில் மிதந்து வருவதன்று. 1958 இல் வாயாலும், 2018 இல் கைத்தொலைபேசியாலும் மனிதர்கள் அதைச் சுமந்து சென்றார்கள். சுமந்தவருக்கு முகவரி உண்டு.

1983 யூலைக்கு வருவோம். 23 ஆம் திகதி திருநெல்வேலியில் 13 படையினர் கொல்லப்பட்டனர். மறுநாள் இரவு பொரளை கனத்தை மயானத்திலிருந்து தீ கிளம்பியது. வன்முறையாளரின் கைகளில் வாக்காளர் இடாப்புகள் இருந்தன. வீடு வீடாகத் தமிழரைத் தேடிப் பிடித்தனர். இடாப்பு எந்த அலுவலகத்தில் இருக்கும் பொருள் என்பதை வாசகருக்குச் சொல்லவேண்டியதில்லை. ஊரடங்குச் சட்டம் 25 ஆம் திகதி பிற்பகலில்தான் வந்தது. 25 ஆம், 27 ஆம் திகதிகளில் வெலிக்கடைச் சிறையினுள் 53 தமிழ்க் கைதிகள் கொல்லப்பட்டனர். சிறைக்கதவின் திறப்பு வரலாற்றின் இடுப்பில் தொங்குவதில்லை! 28 ஆம் திகதி நாட்டு மக்களுக்கு உரையாற்றிய ஜனாதிபதி ஜே.ஆர். ஜயவர்தனவின் வாயிலிருந்து பாதிக்கப்பட்ட தமிழருக்கான ஓர் அனுதாப வார்த்தையேனும் வரவில்லை.

இவற்றையெல்லாம்விட என்னை உறுத்துவது வேறொன்று. அதைப் பற்றி நமது யூலைக் கட்டுரைகள் பேசுவதேயில்லை. 1977 ஆகஸ்ட் வன்முறை பற்றி முன்னாட் பிரதம நீதியரசர் சன்சோனி தலைமையிலான ஆணைக்குழு விசாரித்தது. அறிக்கை 1980 இல் வெளிவந்தது. அதன் பின் வந்தது வழக்கு விசாரணையன்று, ஒரு சட்டம். 1982 இன் 20 ஆம் இலக்கச் சட்டம், 1977 ஆகஸ்ட் மாதத்தில் சட்டம் ஒழுங்கை நிலைநாட்டுவதற்காக நல்லெண்ணத்துடன் செய்யப்பட்ட செயல்களுக்காக அமைச்சர்கள், அதிகாரிகள், பொலிஸார், படையினர் ஆகியோர்மீது வழக்குத் தொடரமுடியாது என்றது. அந்த ஒரு மாதம் போதவில்லைப் போலும். 1988 இன் 60 ஆம் இலக்கத் திருத்தம் அக்காலத்தை 1988 டிசெம்பர் 16 வரை நீட்டியது. கணக்குப் பாருங்கள். 1981 இல் யாழ். நூலகம் எரிந்த இரவும் 1983 யூலையும் அந்த நீட்சிக்குள் அடங்குகின்றன. தெற்கில் சிங்கள இளைஞர்கள் வேட்டையாடப்பட்ட காலத்தின் தொடக்கமும் அடங்குகிறது.

இதற்கும் முன்னோடி உண்டு. 1915 இல் முஸ்லிம்களுக்கு எதிரான கலவரத்தின் பின் பிரித்தானியர் இராணுவச் சட்டம் பிறப்பித்து, விசாரணையின்றியும் சுட்டனர். சுட்டவர்களைக் காப்பாற்ற அதே ஆண்டிலேயே ஒரு விலக்களிப்புக் கட்டளை வந்தது. அந்த அநீதியைக் கண்டித்து இலண்டன்வரை வாதாடியவர் சேர் பொன்னம்பலம் இராமநாதன். வெள்ளையன் போட்ட கட்டளையின் அச்சை நமது சுதேச நாடாளுமன்றம் பத்திரமாக எடுத்து வைத்திருந்தது. எதிரொலி என்று எதையாவது சொல்லவேண்டுமானால் இதைச் சொல்லுங்கள். இதற்குத் திகதி உண்டு, இலக்கம் உண்டு, கையுயர்த்தியவர்களின் பெயர்கள் ஹன்சார்டில் உண்டு.

'திரும்புகிறது என்பது ஓர் உவமைதானே, ஏன் இவ்வளவு ஆவேசம்?' என்று நண்பர்கள் கேட்பார்கள். வசனத்தின் இலக்கணத்தைப் பாருங்கள். எழுவாய் 'வரலாறு'. கொளுத்தியவன் வசனத்தில் இல்லை. பார்த்துக்கொண்டு நின்ற பொலிஸ்காரன் இல்லை. சட்டம் வரைந்த செயலாளர் இல்லை. யார் செய்தார் என்று கேட்பது செய்தியாளனின் முதற் கடமை என்று புதிதாக வரும் பயிற்சி நிருபருக்குச் சொல்லிக்கொடுக்கிறோம். தலையங்கம் எழுதும்போது மட்டும் அது மறந்துபோகிறது.

இது சிங்களப் பத்திரிகைகளுக்கான கண்டனம் மட்டுமன்று. 1990 ஒக்டோபரில் வடக்கு முஸ்லிம்கள் வெளியேற்றப்பட்டதை எழுதும் தமிழ்ப் பேனாக்கள் 'காலத்தின் துயரம்' என்றும் 'வரலாற்றின் கறை' என்றும் எழுதிக் கடந்துவிடுகின்றன. அங்கும் எழுவாய் தொலைந்துபோகிறது. அந்த மாதம் 30 ஆம் திகதி யாழ்ப்பாணத் தெருக்களில் ஒலிபெருக்கி மூலம் அறிவித்தவர்கள் விடுதலைப் புலிகள். ஒஸ்மானியாக் கல்லூரி மைதானத்தில் கூடிய மக்களுக்கு வழங்கப்பட்ட அவகாசம் இரண்டு மணித்தியாலம்.