காணா விசையைக் காண்போம்

கதிர்காமத்தில் இந்திரா காந்தி மருத்துவக் கல்லூரியின் வாயிலைக் கடந்து பள்ளி செல்லும் பிள்ளைகளுள், என்றேனும் அதனுள் மாணவராய் நுழைய விழைவோர் பலர். அதற்கான நுழைவுத் தேர்வில் இயற்பியலும் உண்டு. ஆனால் பன்னிரண்டாம் வகுப்பு இயற்பியலின் முதற்பாடமே அவர்களை மருட்டுகிறது. மின்னூட்டமும் மின்புலமும் கண்ணுக்குப் புலனாவதில்லை. ஆகவே சூத்திரத்தை உருப்போடுகிறார்கள், பொருளை அறிவதில்லை.

தலைவாரிய சீப்பு காகிதத் துணுக்குகளை ஈர்ப்பதைக் காட்டலாமெனில், நம் கடலோரக் காற்றின் ஈரம் இடையூறு செய்கிறது. சீப்பில் சேர்ந்த மின்னூட்டம் ஈரத்தின் வழியே கசிந்துவிடும். ஐப்பசி, கார்த்திகை மழை நாள்களில் இச்சோதனை பெரும்பாலும் பொய்த்துப் போகும்.

இங்கே கைகொடுப்பது பாவனைச் சோதனை. நோபல் பரிசு பெற்ற இயற்பியல் அறிஞர் கார்ல் வைமன், அமெரிக்காவின் கொலராடோ பல்கலைக்கழகத்தில் 2002-ஆம் ஆண்டு தொடங்கிய 'ஃபெட்' திட்டம், இத்தகைய சோதனைகளை இணையத்தில் கட்டணமின்றி வழங்குகிறது. திரையில் சிவப்புப் புள்ளி நேர்மின்னூட்டம், நீலப்புள்ளி எதிர்மின்னூட்டம். சிவப்பை விரலால் இழுத்து வைத்தால், சுற்றியுள்ள அம்புக்குறிகள் யாவும் அதைவிட்டு வெளிநோக்குகின்றன. அருகே நீலத்தை வைத்ததும் அவை வளைந்து அதனை நாடுகின்றன. புத்தகத்தில் அசையாது கிடந்த படம் இங்கே உயிர்பெறுகிறது.

பிரெஞ்சு அறிஞர் கூலோம், 1785-இல் முறுக்குத் தராசு ஒன்றைக் கொண்டு, தொலைவு இருமடங்கானால் மின்விசை நான்கில் ஒன்றாகும் என நிறுவினார். அதனை நம் பிள்ளைகளும் அளந்தறியலாம். ஒரு நானோகூலோம் மின்னூட்டத்திலிருந்து ஒரு மீட்டர் தொலைவில் புலத்தின் வலிமை மீட்டருக்கு ஏறத்தாழ 9 வோல்ட். இரண்டு மீட்டரில் 2.25. தானே அளந்து கண்ட விதி எளிதில் மறவாது.

எனினும் பெற்றோருக்கு ஒன்று சொல்வோம். புள்ளிகளை வெறுமனே இழுத்துக் கொண்டிருந்தால் அது விளையாட்டாகவே முடியும். "இதை இங்கே வைத்தால் அம்பு எப்பக்கம் திரும்பும்?" என முதலில் கேளுங்கள், விடையைத் தாளில் எழுதச் சொல்லுங்கள், பின்பு பார்க்கட்டும். கணிப்புத் தவறினால் கடிந்து கொள்ளாதீர்கள். ஏன் தவறியது என்று ஆராயும்போதுதான் அறிவு பிறக்கிறது. இதற்கு நாம் இயற்பியல் கற்றிருக்கத் தேவையில்லை. அருகமர்ந்து கேட்டால் போதும்.

சீப்பையும் கைவிட வேண்டாம். காற்று வறண்டிருக்கும் நாளில், எண்ணெய் தடவாத கூந்தலில் வாரிப் பார்க்கட்டும். திரை காட்டியது மெய்தான் என்பதற்கு அத்துணுக்குகளே சான்று பகரும். கைப்பேசியைப் பறிப்பதே கண்டிப்பு என்றெண்ணும் நாம், ஒரு மாலையேனும் பிள்ளையோடு அமர்ந்து அதனைப் பயன்கொள்வோமாக.