ராகம் பொது, பாட்டு யாருடையது?

'ராகம் என்ன இவர்கள் அப்பன் வீட்டுச் சொத்தா?' மும்பை மாட்டுங்காவிலிருந்து வாஷி வரைக்கும் ரசிகர்களிடம் இதே கேள்விதான். 'பொன்னியின் செல்வன் 2' படத்தின் 'வீரா ராஜ வீர' வழக்கில் ஏ.ஆர்.ரஹ்மானுக்கு எதிரான இடைக்கால உத்தரவை டெல்லி உயர் நீதிமன்ற டிவிஷன் பெஞ்ச் 2025 செப்டம்பர் 24-ல் ரத்து செய்ததில் அத்தனை குதூகலம். கேள்வியே தப்பு. வழக்குப் போட்ட டாகர் குடும்பம் அடாணா ராகத்துக்கு உரிமை கோரவே இல்லை. வழக்கு, அந்த ராகத்தில் அமைந்த 'சிவ ஸ்துதி' என்ற ஒரு பாட்டைப் படத்தில் எடுத்தாண்டதாகச் சொல்வது பற்றியது.

படப்பாட்டு டாகர்வாணி மரபின் துருபத் இசையை ஒட்டியது என்று படக்குழு போட்டிருந்தது. மரபுக்கு நன்றி சொல்வதில் ஒரு சௌகரியம்: மரபு ராயல்டி கேட்டு வராது. அதே ஆண்டு ஏப்ரலில் நீதிபதி பிரதிபா சிங், 'சிவ ஸ்துதி'க்காக டாகர் குடும்பத்து ஃபயாசுதீன், ஜாஹிருதீன் இருவரின் பெயரைப் போடச் சொன்னார். 2 கோடி ரூபாய் கட்டவும் சொன்னார். டிவிஷன் பெஞ்ச்சோ, இவர்கள் பாடினார்கள், சரி, இயற்றினார்கள் என்பதற்கு முதல்நோக்கில் ஆதாரம் எங்கே என்றது.

வாய்ப்பாடமாக வந்த கலையிடம் கேட்கிற கேள்வியா இது? ஸ்வரம் எழுதி வைக்காவிட்டாலும் இயற்றியவர் இயற்றியவரே என்று 1994-ல் பதிப்புரிமைச் சட்டத்தையே திருத்தினார்கள். அந்தத் திருத்தத்துக்கு இனி என்ன வேலை?

டெல்லி கிடக்கட்டும். இயற்றியவர் இறந்து 60 ஆண்டு வரை உரிமை உண்டு. பாபநாசம் சிவன் மறைந்தது 1973: அவர் கீர்த்தனைகளுக்கு 2033 வரை. எம்.டி.ராமநாதன், 2044. லால்குடி ஜெயராமன், 2073. பாலமுரளி கிருஷ்ணா, 2076! வாஷி விஷ்ணுதாஸ் பாவே அரங்கில் அரங்கேற்றம் என்றால் கடைசியில் லால்குடி தில்லானா வராமல் போகுமா? அழைப்பிதழில் மேக்கப், லைட்டிங், வீடியோ எல்லாவற்றுக்கும் பெயர் உண்டு. தில்லானாவுக்கு மட்டும் 'மோகனகல்யாணி, ஆதி' போதும்.

மெட்டைக் கடன் வாங்குவது புதிதா, தீட்சிதர் வெள்ளைக்காரன் பேண்டு மெட்டில் நோட்டுஸ்வரம் பாடவில்லையா என்பார்கள். பாடினார். ஆடியோ உரிமையை யாருக்கும் விற்கவில்லை.

இந்தத் தீர்ப்பு நிலைத்தால் எந்த வித்வானும் இனி சொந்தப் பாட்டைச் சீடனுக்குச் சொல்லித்தர மாட்டார்; முதலில் பதிவு அலுவலகத்துக்குத்தான் ஓடுவார். குருகுலம் அத்தோடு சரி. சண்முகானந்தா, செம்பூர் ஃபைன் ஆர்ட்ஸ் சபாக்கள் இந்த சீசனிலேயே அறிவிக்கட்டும்: இயற்றியவர் பெயர் இல்லாத நிகழ்ச்சி நிரலுக்கு மேடை கிடையாது. சினிமாக்காரர்களுக்கும் அதே விதி, பணத்தோடு.