அடுக்களைப் பக்கம்: ஒரு சேன்ட்விச்சிலிருந்து சூடான சீஸ் டிப்



என் நாநாவின் மகள் அமெரிக்காவில், நெப்ராஸ்கா மாநிலத்தின் ஒமாஹா நகரில் நான்கு வருடம் படித்தவள். விடுமுறைக்கு வந்த இரண்டாம் நாள் குசினியில் என்னோடு நின்றுகொண்டே கேட்டாள்: "மாமி, ரூபன் சேன்ட்விச் என்று ஒன்று இருக்கு. கூடப் படிக்கிற பிள்ளைகள் என் முன்னால் இருந்து சாப்பிடுவாங்க. நாலு வருஷமும் எனக்கு வாசம் மட்டும்தான். இறைச்சி ஹலால் இல்லை என்று ஒரு நாளும் வாயில் வைக்கல்ல. நீங்க ஒருக்கா செய்து தருவீங்களா?"

பிள்ளை கேட்டால் மாமி மறுப்பாளா? செய்தேன். ஆனால் முதல் முறை செய்தது சரிவரவில்லை. அந்தப் பிழைகளையும் சேர்த்தே இம்மாதம் உங்களுக்குச் சொல்லப்போகிறேன். நான் பட்ட பாடு நீங்கள் படவேண்டாம் அல்லவா?

முதலில் இந்த ரூபன் என்னவென்று பார்ப்போம். அமெரிக்காவில் 'டெலி' என்ற கடைகள் உண்டு. உப்பிட்ட இறைச்சி, சீஸ், ஊறுகாய் வகைகளை அங்கே வெட்டி விற்பார்கள். பாணுக்குள் வைத்தும் கொடுப்பார்கள். ஐரோப்பாவிலிருந்து குடியேறிய யூதர்களால் நியூயோர்க்கில் இக்கடைகள் பேர்பெற்றன. ரூபன் என்பது அவற்றின் பிரபலமான சேன்ட்விச். கறுத்த ரை பாணுக்குள் உப்பிட்ட மாட்டிறைச்சி, ஸ்விஸ் சீஸ், புளிக்கவைத்த கோவா, இளஞ்சிவப்பு மயோனைஸ் சோஸ் ஆகியவற்றை வைத்து, பட்டர் தடவிக் கல்லில் வாட்டி எடுப்பார்கள்.

இதை முதலில் செய்தவர் யார் என்பதில் இரு ஊர்களுக்குப் போட்டி. நியூயோர்க்கில் கடை வைத்திருந்த ஆர்னோல்ட் ரூபன் என்று ஒரு சாரார் சொல்வர். ஒமாஹாவின் பிளாக்ஸ்டோன் ஹோட்டலில் 1920களில் நண்பர்களோடு கூடிய ரூபன் குலகோஃப்ஸ்கி என்ற பலசரக்கு வியாபாரி என்று மற்றவர்கள் சொல்வர். அதே ஹோட்டலில் வேலை செய்த ஃபெர்ன் ஸ்னைடர் என்ற பெண் 1956இல் இந்தச் சேன்ட்விச்சை ஒரு தேசியப் போட்டிக்கு அனுப்பிப் பரிசு பெற்ற பின்னரே அது நாடெங்கும் பரவியது.

இதில் ஒரு வேடிக்கை உண்டு. யூதக் கடையின் பெயரால் அறியப்பட்டாலும், மார்க்கத்தைப் பேணும் யூதர்கள் இதைச் சாப்பிடமாட்டார்கள். இறைச்சியையும் பால் பொருளையும் ஒன்றாக உண்பது அவர்களுக்குத் தடை. நமக்கு அந்தத் தடை இல்லை. பிராணி எது, அறுத்த முறை எது என்பதே நம் கேள்வி.

சேன்ட்விச் ஒவ்வொன்றாகச் சுடவேண்டும். வீட்டில் பத்துப் பேர் இருந்தால் கடைசி ஆளுக்குக் கிடைக்கும்போது முதல் ஆள் கை கழுவியிருப்பார். ஆகையால் அதே பொருட்களை ஒரே பாத்திரத்தில் கலந்து சுட்டு, நடுவில் வைத்து, பாண் துண்டால் எல்லோரும் தொட்டுச் சாப்பிடும் 'டிப்' ஆகச் செய்வதே குடும்பத்துக்கு ஏற்றது. சஹனில் கூடி உண்டு பழகிய நமக்கு இது புதிதல்ல.

தேவையான பொருட்கள் (8 பேருக்கு)

வேகவைத்த உப்பு மாட்டிறைச்சி – 225 கிராம்
கிரீம் சீஸ் – 225 கிராம்
ஸ்விஸ் சீஸ், துருவியது – 200 கிராம்
புளித்த கோவா, பிழிந்தது – 1 கோப்பை
தண்ணீர் வடித்த புளிக்காத தயிர் – அரைக் கோப்பை
கோன்ஃப்ளவர் – 2 தேக்கரண்டி
மிளகுத்தூள் – அரைத் தேக்கரண்டி

சோஸுக்கு: மயோனைஸ் 4 மேசைக்கரண்டி, தக்காளி சோஸ் 1 மேசைக்கரண்டி, பொடியாக வெட்டிய வெள்ளரிக்காய் ஊறுகாய் 1 மேசைக்கரண்டி, துருவிய வெங்காயம் 1 தேக்கரண்டி, மிளகாய்த்தூள் ஒரு சிட்டிகை.

இறைச்சி

டின்னில் வரும் கோர்ன்ட் பீஃப் நமக்குப் பழக்கமானது. டெலி கடை இறைச்சி அதுவல்ல. அது நெஞ்சிறைச்சியை முழுத் துண்டாக நாட்கணக்கில் உப்பு நீரில் ஊறவைத்து, அவித்து, மெல்லிசாக வெட்டியது. டிப் செய்வதற்கு டின் இறைச்சியும் உதவும். 340 கிராம் டின்னில் மூன்றில் இரண்டு பங்கு போதும். ஆனால் டின்னில் ஹலால் முத்திரை இருக்கிறதா என்று பாருங்கள். 'மாட்டிறைச்சி' என்று எழுதியிருப்பது மட்டும் போதாது.

நான் இரண்டாம் முறை டின்னை விட்டுவிட்டேன். நம் கடையில் வாங்கிய எலும்பில்லாத நெஞ்சிறைச்சி அரைக் கிலோவை, ஒரு மேசைக்கரண்டி உப்பு, ஒரு தேக்கரண்டி கடுகு, பத்து மிளகு, நான்கு கராம்பு, இரண்டு பல் உள்ளி சேர்த்து, மூடும் அளவு தண்ணீர் விட்டு, விரலால் நசுக்கினால் நார் நாராகப் பிரியும்வரை அவித்தேன். பிரஷர் குக்கரில் முக்கால் மணி நேரம் பிடித்தது. இதில் 225 கிராம் எடுத்துக்கொண்டு, மீதியை மறுநாள் பாணுக்கு வைத்துக்கொள்ளலாம்.

கடை இறைச்சி போல் இது சிவந்திருக்காது. அந்தச் சிவப்பு, பதப்படுத்துவதற்குச் சேர்க்கும் நைட்ரைட் உப்பால் வருவது. அளவு தவறினால் அது ஆபத்தானது. நிறத்துக்காக அதைத் தேடிப் போகாதீர்கள். நிறம் குறைந்தாலும் ருசி குறையாது.

கோவா

ஒரு கிலோ கோவாவை மெல்லிசாக அரிந்து, 20 கிராம் உப்புப் போட்டு, தண்ணீர் விடும்வரை கையால் பிசையுங்கள். கண்ணாடிப் போத்தலில் இறுக்கி அடைத்து, கோவா அதன் உப்பு நீருக்குள் அமிழ்ந்திருக்கும்படி மேலே சிறு பாரம் வையுங்கள். மூடியை இறுக்காமல் வைக்கவேண்டும்; காற்று வெளியேற வழி வேண்டும். நம் நாட்டு வெப்பத்தில் ஐந்து முதல் ஏழு நாட்களில் நன்றாகப் புளித்துவிடும். பின்பு குளிர்சாதனப்பெட்டியில் வையுங்கள். பூஞ்சணம் பிடித்தாலோ கெட்ட வாடை அடித்தாலோ தயங்காமல் வீசிவிடுங்கள்.

அவசரமென்றால், அரிந்த கோவாவை வினாகிரி அரைக் கோப்பை, தண்ணீர் அரைக் கோப்பை, உப்பு அரைத் தேக்கரண்டி, சீனி ஒரு சிட்டிகை சேர்த்துப் பத்து நிமிடம் அவித்து ஆறவிடுங்கள். அசல் ருசி வராது, புளிப்பு வரும்.

சீஸ்

பால் உறைவதற்குச் சேர்க்கும் ரெனெட், பாரம்பரியமாகக் கன்றின் இரைப்பையிலிருந்து எடுக்கப்பட்டு வந்தது. நுண்ணுயிரிலிருந்து எடுக்கும் ரெனெட்டும் உண்டு. பொதியில் அப்படிக் குறித்திருந்தால் கவலையில்லை. சில கிரீம் வகைகளில் ஜெலட்டின் சேர்ப்பார்கள். அதையும் வாசித்துப் பாருங்கள். ஸ்விஸ் சீஸ் கிடைக்காவிட்டாலோ விலை கட்டாவிட்டாலோ, பாதி செடார், பாதி சாதாரண பதப்படுத்திய சீஸ் போடலாம். பதப்படுத்திய சீஸில் உருகும்போது எண்ணெய் பிரியாதபடி சில உப்புகள் சேர்த்திருப்பதால் அது கைகொடுக்கும்.

செய்முறை

1. கிரீம் சீஸை முன்கூட்டியே வெளியே எடுத்து வைத்து, இளகியதும் தயிர், சோஸ், மிளகுத்தூள் சேர்த்துக் கட்டியில்லாமல் அடியுங்கள்.

2. துருவிய சீஸில் கோன்ஃப்ளவரைத் தூவிப் பிசிறுங்கள். ஒரு கைப்பிடி சீஸை மேலே தூவ ஒதுக்கிவையுங்கள்.

3. கோவாவைத் தண்ணீரில் ஒருமுறை அலசி, துணியில் கட்டி நன்றாகப் பிழியுங்கள். இனி ஒரு சொட்டும் வராது என்று தோன்றிய பிறகு இன்னொரு முறை பிழியுங்கள்.

4. எல்லாவற்றையும் இறைச்சியோடு கலந்து, ஆழம் குறைந்த ஓவன் பாத்திரத்தில் பரப்பி, ஒதுக்கிய சீஸைத் தூவுங்கள். உப்புச் சேர்க்கவேண்டாம். இறைச்சி, சீஸ், கோவா மூன்றிலும் உப்பு இருக்கிறது.

5. முன்கூட்டியே சூடாக்கிய ஓவனில் 180 பாகை சென்டிகிரேட்டில் 20 முதல் 25 நிமிடம் வையுங்கள். ஓரங்கள் கொதித்து, மேற்புறம் இளம் பொன்னிறமானதும் எடுத்து, ஐந்து நிமிடம் ஆறவிடுங்கள்.

ஓவன் இல்லாத சகோதரிகள் அடி கனத்த பெரிய சட்டியில் இரண்டு விரல் உயரம் மணல் பரப்பி, அதன்மேல் ஒரு வளையம் வைத்து, மூடிப் பத்து நிமிடம் சூடாக்கி, பாத்திரத்தை உள்ளே இறக்குங்கள். மெல்லிய தீயில் முக்கால் மணி நேரம் வரை பிடிக்கும். மேற்புறம் சிவக்காது, உள்ளே குறையிராது.

தொட்டுச் சாப்பிட ரை பாண் நம்மூரில் அரிது. குரக்கன் மா சேர்த்த பாணை விரல் நீளத்துக்கு வெட்டி வாட்டினால் அந்தக் கறுத்த பாணின் இடத்தை ஓரளவு நிரப்பும். கிரீம் கிரேக்கர் பிஸ்கட்டும் நல்லது.

நான் விட்ட பிழைகள்

முதல் நாள், விருந்தாளிகள் வந்துவிடுவார்களே என்ற அவசரத்தில் ஓவனை 230 பாகைக்குத் திருப்பினேன். சீஸ் முழுவதும் பழைய செடார். சூடு மிஞ்சினால் சீஸிலுள்ள புரதம் இறுகி, தன்னிடமுள்ள கொழுப்பையும் நீரையும் வெளியே தள்ளிவிடும். நன்கு முதிர்ந்த சீஸில் இது இன்னும் விரைவாக நடக்கும். பாத்திரத்தைத் திறந்தபோது மேலே எண்ணெய், கீழே கோவாத் தண்ணீர், நடுவில் ரப்பர். போதாததற்கு, ருசி பார்க்காமலே ஒரு தேக்கரண்டி உப்பும் போட்டிருந்தேன். மதினிமார் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். அந்தப் பிள்ளை மட்டும் ஒன்றும் சொல்லாமல் தன் பங்கைச் சாப்பிட்டு முடித்தாள். அதுதான் எனக்கு மனம் பொறுக்கவில்லை.

பத்து நாள் கழித்து, அவள் புறப்படுவதற்கு முந்திய நாள், மேலே எழுதியபடி மறுபடியும் செய்தேன். அதற்குள் போத்தலில் கோவாவும் புளித்திருந்தது. ஓவனைத் திறந்ததும் அறையிலிருந்து எழுந்து வந்தாள். ஒரு துண்டு பாணைத் தொட்டு வாயில் வைத்துவிட்டுச் சொன்னாள்: "ருசி எப்படி இருக்கவேணும் என்று எனக்குத் தெரியாது மாமி. ஆனால் வாசம் இதுதான்."

மிஞ்சியதை இரண்டு மணி நேரத்துக்கு மேல் வெளியே வைக்காதீர்கள். இறைச்சியும் பாலும் கலந்த பண்டம் நம் வெப்பத்தில் விரைவில் பழுதாகும். குளிர்சாதனப்பெட்டியில் மூன்று நாள் இருக்கும். மீண்டும் சூடாக்கும்போதும் தீ மெதுவாகவே இருக்கட்டும்.

உங்கள் வீட்டிலும் வெளியூரில் பார்த்து, ஹலாலா என்ற சந்தேகத்தில் சாப்பிடாமல் திரும்பிய பிள்ளை இருந்தால், அது என்ன பண்டம் என்று கேட்டுப் பாருங்கள். அதில் என்னென்ன சேர்கிறது என்று தெரிந்துகொண்டால், நம் குசினியில் செய்ய முடியாதது அதிகமில்லை.

இன்ஷா அல்லாஹ், அடுத்த இதழில் சந்திப்போம்.