அடுத்தவர் வேகத்தில் கைவைக்கும் கருவிகள்

விடுதி வைஃபை இரவில் படுத்துவிட்டால், யாராவது ஒரு மாணவர் நெட்கட் போன்ற மென்பொருளை இறக்கி மற்றவர்களின் இணைப்பை நெரிப்பது நமக்குப் பழகிய சங்கதிதான். சில நிர்வாகிகளே அதே வகைக் கருவியை ‘பேண்ட்வித் மேனேஜர்’ என்று சொல்லி ஓட்டுவதுதான் கூடுதல் கவலை.

இவை எதையும் பங்கிடுவதில்லை. 1982இல் ஆர்எஃப்சி 826 என்ற இணைய ஆவணம் வரையறுத்த, ஐபி முகவரிக்குரிய கருவியின் வன்பொருள் முகவரியைக் கேட்டறியும் ஏஆர்பி நெறிமுறையில், பதில் சொல்வது யார் என்று சரிபார்க்க வழியே கிடையாது. ‘நான்தான் கேட்வே’ என்று ஒரு மடிக்கணினி பொய் சொன்னால் மற்றவை நம்பிவிடும். பிறகு அவற்றின் பாக்கெட்டுகள் அதன் வழியாகவே போகும். கடத்துவதும் கீழே போடுவதும் அதன் இஷ்டம்.

வைஃபையில் இது நெரிசலைக் கூட்டவும் செய்யும். அக்சஸ் பாயின்டுக்கு ஒருமுறை காற்றில் போய்ச் சேரவேண்டிய பாக்கெட், அங்கிருந்து இடையில் உட்கார்ந்திருப்பவரிடம் போய், மறுபடி அக்சஸ் பாயின்டுக்கே வருகிறது. ஒன்றுக்கு மூன்று பயணம்! அவர் மடிக்கணினியை மூடிவிட்டுச் சாப்பிடப் போனால், மற்றவர்களின் ஏஆர்பி பதிவு புதுப்பிக்கப்படும்வரை நெட்டே இருக்காது. நாமோ கேபிளைச் சந்தேகித்துக்கொண்டிருப்போம். எச்டிடிபிஎஸ் உள்ளடக்கத்தை மறைத்தாலும், மறையாக்கம் இல்லாத டிஎன்எஸ் கேள்விகளும் பழைய கேமராக்களின் கடவுச்சொற்களும் அவர் கண்ணில் படும்.

அனுமதியின்றி வலையமைப்பைக் குலைப்பது தகவல் தொழில்நுட்பச் சட்டம், 2000இன் 43ஆம் பிரிவுக்குள் வரும். நேர்மையற்ற நோக்கம் இருந்தால் 66ஆம் பிரிவின்படி மூன்றாண்டு வரை சிறையும் உண்டு. நிர்வாகிக்கு அனுமதி இருக்குமே என்பீர்கள். சொந்த வலையமைப்பு என்றாலும் சிக்கல் வரும். அமெரிக்காவின் இணையச் சேவை நிறுவனமான காம்காஸ்ட் தன் சொந்த வலையமைப்பில்தான், போலி ரீசெட் பாக்கெட்டுகளை அனுப்பி பிட்டாரன்ட் இணைப்புகளை அறுத்தது. 2007இல் அது அம்பலமானது. மறு ஆண்டு அந்நாட்டுத் தகவல்தொடர்பு ஆணையமான எஃப்சிசி அதைக் கண்டித்து ஆணையிட்டது. அந்த ஆணையை 2010இல் நீதிமன்றம் ரத்து செய்தது, அதிகார வரம்பைக் காரணம் காட்டி. அதற்குள் காம்காஸ்டே, எந்தச் செயலி என்று பாராமல் நெரிசலை மட்டும் கவனிக்கும் முறைக்கு மாறியிருந்தது.

நமக்கும் வேலை ரூட்டரில்தான். ‘எவனோ டவுன்லோடு போடுகிறான்’ என்ற புகார்களில் பல, ரூட்டரின் பஃபரில் பாக்கெட்டுகள் தேங்கித் தாமதமாகும் கதைதான். இணைப்பின் உண்மையான வேகத்துக்குச் சற்றுக் கீழே வரம்பு வைத்து எஃப்க்யூ-கோடெல் என்ற வரிசை மேலாண்மை முறையை (ஆர்எஃப்சி 8290) இயக்கிப் பாருங்கள். பொய் ஏஆர்பி பதில்களைத் தடுக்க ஸ்விட்சில் டிஎச்சிபி ஸ்னூப்பிங்கும் டைனமிக் ஏஆர்பி இன்ஸ்பெக்‌ஷனும், வைஃபையில் பயனர் கருவிகள் ஒன்றையொன்று நேரடியாக அணுகாமல் தடுக்கும் கிளையன்ட் ஐசொலேஷனும் போடுங்கள். ஐசொலேஷன் போட்டதும் வைஃபை பிரின்டர் வேலை செய்யாது என்று மறுநாளே ஒருவர் வந்து நிற்பார். பிரின்டர்களை முன்கூட்டியே தனி வீலானுக்கு மாற்றி, அதற்கு மட்டும் வழிவிடுங்கள்.