டிராகனுக்கு இரும்பு மாட்டினால் மட்டும் போதுமா?

முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பாதி உயிர், பாதி இயந்திரம் என்று இருக்கும் டிராகன்கள் எனக்கு ரொம்பப் பிடிக்கும். பிடிக்கும் என்பதால்தான் இந்தச் சண்டையே.

போன வாரம் கேண்டீனில் ஒரு பஞ்சாயத்து. இந்த ரக டிராகன்களில் எது கெத்து? ஒருத்தன் டிஜிமான் தொடரின் மெட்டல்கிரேமான் என்றான். இன்னொருத்தன் வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்ட் விளையாட்டின் டெத்விங் என்றான். நான் 'ஹவ் டு டிரெயின் யுவர் டிராகன்' படத்தின் டூத்லெஸ் என்றேன். மொத்த மேஜையும் சிரித்தது. "டேய், அது வால்ல தோலைக் கட்டிக்கிட்டு சுத்துற பூனைடா. அதுல எங்கடா மெஷின் இருக்கு?"

சிரித்த மகராசன்களுக்குத்தான் இது.

இவர்கள் கணக்கு ரொம்ப சிம்பிள். இரும்பு கூடக் கூட பலம் கூடும், பலம் கூடினால் கெத்து. நான் பி.காம். படிக்கிறவன். ஒரு பக்கம் மட்டும் எழுதினால் அது கணக்கே இல்லை என்று முதல் வருஷத்திலேயே மண்டையில் குட்டிச் சொல்லிக்கொடுத்துவிட்டார்கள். இரும்புக் கையைச் சொத்துப் பக்கம் எழுதுகிறீர்கள், சரி. எதிர்ப்பக்கம் என்ன எழுதுவீர்கள்? அந்தக் கை எதை இழந்ததற்குப் பதிலாக வந்தது? மாட்டியது யார்? நாளைக்கு மறை கழன்றால் (நிஜமாகவே கழன்றால்!) யார் பார்ப்பது? லயபிலிட்டிக்கு எங்கள் பாடப்புத்தகத் தமிழில் பெயரே 'பொறுப்பு'தான்.

டெத்விங்கை எடுத்துக்கொள்வோம். அதன் பழைய பெயர் நெல்தாரியன். நிலத்தைக் காக்க வேண்டிய டிராகன், கெட்டுப்போய் உலகத்தையே அழிக்கக் கிளம்புகிறது. 2010 டிசம்பரில் வந்த கேட்டகிளிசம் பகுதியில் உடம்பெல்லாம் உலோகத் தகடு, உள்ளே கனல். பார்க்க மிரட்டலாகத்தான் இருக்கும். ஆனால் தகடு எதற்கு? உள்ளே கொதிக்கிற சக்தி தாங்காமல் உடம்பு பிளக்கிறது. சிதறாமல் இருக்கத் தகடு அடித்து வைத்திருக்கிறார்கள். 2011-ல் வந்த கடைசிச் சண்டையில் வீரர்கள் அதன் முதுகில் ஏறி அந்தத் தகடுகளைத்தான் பெயர்த்து எடுப்பார்கள். நீங்கள் கெத்து என்று சொன்னது அதன் தையல், ஐயா.

அடுத்து மெட்டல்கிரேமான். 1997-ல் பண்டாய் நிறுவனம் விற்ற கையடக்கப் பொம்மையில் பிறந்தது, 1999-ல் கார்ட்டூனுக்கு வந்தது. இடது கை உலோக நகம், நெஞ்சைத் திறந்தால் ஏவுகணை. பொம்மையில் இருந்த பழைய வடிவம் நீல நிறம். இயந்திரமாக்கியதை உடம்பு தாங்காமல் தோல் நிறம் மாறியது என்பதுதான் அதற்குச் சொல்லப்பட்ட கதை. என்ன அருமையான, பயங்கரமான விஷயம்! ஆனால் கார்ட்டூனில் சண்டை வந்தால் இரும்புக் கை முளைக்கும், முடிந்தால் மறையும். குட்டி அகுமானாகித் தின்றுவிட்டுத் தூங்கும். பாதி உடம்பு இரும்பானது அதற்கு எப்படி இருந்தது என்று யாராவது உட்கார்ந்து கேட்டார்களா? அங்கேதான் எனக்குக் கோபம்.

இப்போது நம்ம பூனைக்கு வருவோம். 2010-ல் வந்த படம். ஹிக்கப் என்ற பையன் தானே செய்த பொறியால் டூத்லெஸை வீழ்த்துகிறான். வாலின் ஒரு துடுப்பு போய்விடுகிறது, அதனால் பறக்க முடியவில்லை. பட்டறையில் வேலை பார்க்கிற அவனே ஒரு செயற்கைத் துடுப்பு செய்து மாட்டுகிறான். அதை அசைக்கிற மிதி அவன் காலடியில். அவன் மிதித்தால்தான் அது பறக்கும். கெடுத்தவனே பொறுப்பையும் ஏற்கிறான். படம் முடியும்போது ஹிக்கப்புக்கே ஒரு கால் போய், செயற்கைக் கால் வருகிறது. 2011-ல் வந்த குறும்படத்தில் தானாக இயங்கும் துடுப்பைப் பரிசாகக் கொடுக்கிறான். டூத்லெஸ் அதை அடித்து நொறுக்கிவிட்டுப் பழையதையே கேட்கிறது. 2019-ல் வந்த மூன்றாவது படத்தில்தான் தானியங்கித் துடுப்பை ஏற்றுக்கொள்கிறது, ஏனென்றால் இப்போது போய்ச் சேரத் தன் இனத்தில் ஒரு துணை இருக்கிறது. ரெண்டு பக்கமும் டேலி ஆகிற கணக்கு இதுதான்.

"கற்பனைக்கு எதுக்குடா இவ்வளவு ஆராய்ச்சி?" என்பீர்கள். டிராகன் நெருப்பு கக்கட்டும், எனக்கு ஆட்சேபணை இல்லை. ஆனால் இயந்திரம் நாம் தினம் பார்க்கிற விஷயம். எங்கள் தாத்தாவுக்கு நெஞ்சில் பேஸ்மேக்கர் வைத்தார்கள். மயக்கம் தெளிந்து அவர் கேட்டது ரெண்டே கேள்வி. "பேட்டரி எத்தனை வருஷம் வரும்? செக்கப்புக்கு யாருப்பா கூட்டிட்டு வருவீங்க?" முதல் கேள்விக்கு டாக்டர் பதில் சொன்னார். ரெண்டாவதுக்கு அப்பாவும் சித்தப்பாவும் ஒருத்தர் முகத்தை ஒருத்தர் பார்த்துக்கொண்டார்கள். இப்போது நான்தான் கூட்டிப் போகிறேன்.

ஆகவே மக்களே, அடுத்த முறை டிராகனுக்கு இரும்புச் சிறகு வரைந்தால், மிதி யார் காலடியில் இருக்கிறது என்பதையும் சேர்த்து வரையுங்கள்.

டிஸ்கி: சத்தமாகச் சிரித்த நண்பன் எனக்கு மூன்று டீ பாக்கி. அதுவும் கணக்கில் இருக்கிறது :-)